றிக்ஸ் ஒஃப் றொட்ஸ் (வாகனம் ஓட்டுற கொம்பியூட்டர் விளையாட்டு) கிரேன்: ரயர் நிலத்தில முட்ட வேணுமோ?

வவுனிக்குளத்தான்:
"கால் (கிரேன் சரியாமல் பக்கத்தில விரிச்சு ஊண்டுற தாங்கி) இறக்கினாலும் ரயர் நிலத்தில முட்டிக்கொண்டு நிக்க வேணும், அதுதான் பிடிமானம்" எண்டு நேற்று ஒருத்தர் இங்க வகுப்பெடுத்திட்டுப் போயிருக்கிறார். ஐயா, ஆறு ரயரும் கிளம்ப வேணும். விரற்கடை கிளம்பினாலே காணும். கிரேனின்ர சொந்தப் பாரம் 20 ரொன் எண்டு வையுங்கோ. நடுவில இருந்து ரயர் 1.25 மீற்றர், விரிச்ச கால் 3 மீற்றர். பக்கவாட்டில 6 மீற்றர் தூரத்தில பாரம் தொங்குது. ரயரில நிண்டால் 5 ரொன் கொஞ்சம் தாண்டக் கவிழும். காலில நிண்டால் 20 ரொன்.

மாங்குளம்_கியர்:
அந்த "ஒருத்தர்" நான்தான். பேர் சொல்லப் பயமோ? பாரம் தூக்கிற கிரேன் கையின்ர பாரத்தை எங்க விட்டனீர், குளத்துக்கயோ?

வவுனிக்குளத்தான்:
கையைச் சேர்த்தால் ரெண்டு கணக்கும் குறையும். அப்பவும் ரயரில நிக்கிறதுதான் முதல்ல சரியும். கேளும். ரயர் கிளம்பினால் அச்சும் ரயரும் சட்டத்தில தொங்கி எதிர்ப்பாரம் ஆகும். முட்டினால் அந்தப் பாரத்தை நிலம் வாங்கிப்போடும். அதோட ஸ்பிரிங் அமுங்கும், சட்டம் சரியும், கை நுனி வெளிய போகும், 6 மீற்றர் 6.5 ஆகும்.

மாங்குளம்_கியர்:
முட்டினால் ஆறு ரயரும் ஆறு கால். சின்னப்பிள்ளைக்கும் விளங்கும்.

முத்தையன்கட்டு_கீபோட்:
கொக்கி ஊசலாடுது, எப்பிடி நிப்பாட்டுறது எண்டு கேட்ட தம்பிக்கு ஒருத்தரும் பதில் சொல்லேல்லை. 4 மீற்றர் கயிறு ஒருக்காப் போய்வர 4 செக்கன், 9 மீற்றர் எண்டால் 6. திருப்புறதை நிப்பாட்டும். பாரம் முன்னுக்குப் போய் நிக்கிற கணத்தில கீபோட்டில திருப்பின அதே விசையை ஒருக்காத் தட்டி, கை நுனியை அதுக்கு நேர மேல கொண்டு வாரும். கொக்கி கொழுவ எல் (L) விசை.

ஓமந்தை77:
அது "டயர்". முதல்ல எழுதப் பழகுங்கோ.

வவுனிக்குளத்தான்:
உமக்கு டயர், எனக்கு ரயர். எதெண்டாலும் கிளம்ப வேணும்!

மாங்குளம்_கியர்:
கிளப்பினால் கால் சறுக்குது. கால் நுனியில ரெண்டு நோட் (விளையாட்டில வாகனத்தைக் கட்டுற புள்ளி) தான். முதிரைப் பலகை வைக்க விளையாட்டில இடமிருக்கோ?

வவுனிக்குளத்தான்:
அரை மீற்றர் கிளப்பினால் சறுக்காமல் என்ன செய்யும்? விரற்கடை எண்டனான். முதல்ல நாலு காலையும் முழுக்க விரியும், பிறகு இறக்கும். ஒரு பக்கம் மட்டும் இறக்கினால் சட்டம் முறுகும். செக்கனுக்கு 2000 தரம் கணக்குப் பார்க்கிற விளையாட்டு, உம்மட அவசரத்துக்கு இரக்கப்படாது.

மாங்குளம்_கியர்:
போன மாசம் வின்ச் (கயிறு சுத்தி இழுக்கிற உருளை) வாக்குவாதத்திலயும் இப்பிடித்தான் பிடிவாதமா நிண்டனீர்.

வவுனிக்குளத்தான்:
வின்ச் வேற. ரயர் கிளம்ப வேணும்.

ஓமந்தை77:
டயர்.