கோபுரத்தின் அடி எங்கே போகிறது?

மண்டபத்தான்:
தனுஷ்கோடி முனையில் நின்றால் இரவில் இலங்கையின் தலைமன்னார்ப் பக்கம் விளக்கு தெரிகிறது. இடையில் சுமார் 30 கிலோமீட்டர் கடல். பூமி உருண்டை என்றால் அந்த விளக்கு மறைந்திருக்க வேண்டாமா? பள்ளியில் மனப்பாடம் செய்தோமே தவிர, யாராவது கண்ணால் பார்த்தோமா?

வாடைக்காற்று:
நான் பார்க்கிறேன் தம்பி, இருபது வருடமாக. ராமேஸ்வரம் தொலைக்காட்சிக் கோபுரம் 323 மீட்டர். படகு போகப் போக முதலில் கரை போகும், பிறகு தென்னந்தோப்பு. கோபுரம் மட்டும் முழங்கால் நீரில் நிற்பவனைப் போல நிற்கும். கடல் தட்டை என்றால் எல்லாம் சேர்ந்து சிறுக்க வேண்டும். அடி மட்டும் ஏன் காணாமல் போகிறது?

மண்டபத்தான்:
அலை மறைக்கிறது. பெரிதாக்கும் கேமராவில் பார்த்தால் மறைந்த படகு திரும்ப வருகிறது. காணொளியே இருக்கிறது.

வாடைக்காற்று:
சிறுத்துப்போன படகு வரும், மூழ்கிய அடிப்பாகம் வராது. அலை அரை மீட்டர், என் கண் இரண்டு மீட்டர் உயரத்தில். கண்ணுக்குக் கீழே கிடக்கும் அலை தென்னையை எப்படி மறைக்கும்? படகின் கூரைமேல் ஏறினால் போன தென்னந்தலை மறுபடி எட்டிப் பார்க்கும். கேமராவுக்கு வராதது ஏணிக்கு வருகிறது.

கணக்கு டீச்சர்:
2 மீட்டர் உயரக் கண்ணுக்குத் தொடுவானம் 5 கிலோமீட்டர்தான். 30 கிலோமீட்டர் தள்ளியிருப்பதில் அடியிலிருந்து 40 மீட்டருக்கு மேல் மறையும். தலைமன்னார்ப் பக்கம் தெரிவது ஏதாவது உயர்ந்த கோபுரத்தின் விளக்காக இருக்கும். ஆனால் அண்ணன் சொல்வதும் எல்லா நாளும் சரியாக அமையாது. நீர் குளிர்ந்து, மேலே காற்று சூடாக இருந்தால் ஒளி வளைந்து, மறைய வேண்டியதைத் தூக்கிக் காட்டும்.

மண்டபத்தான்:
பார்த்தீர்களா, தேவைப்பட்டால் ஒளியையே வளைக்கிறார்கள்! போன ஐப்பசியில் புயல் என்று சொல்லி ஐந்து நாள் படகுகளை நிறுத்தினார்கள். கடல் குளம்போலக் கிடந்தது. அப்பா வட்டிக்கு வாங்கினார். அவர்கள் சொல்லும் உருண்டையை மட்டும் நம்ப வேண்டுமா?

வாடைக்காற்று:
அந்த ஐந்து நாளும் நானும் திட்டினேன். ஆனாலும் கரையில்தான் இருந்தேன். 1964 டிசம்பரில் தனுஷ்கோடியைக் கடல் கொண்ட கதையை அப்பத்தா சொல்லக் கேட்டு வளர்ந்தவன். புயல் நாளைக்கு வருமா என்பது கணிப்பு, தவறலாம். கோபுரம் கண் முன்னால் நிற்கிறது, அதற்கு எந்த அதிகாரியும் வேண்டாம். கடலுக்குப் போகும் அப்பாவை வீட்டில் வைத்துக்கொண்டு காணொளியைக் கேட்கிறாயே! சனிக்கிழமை எங்கள் படகில் வா.

மண்டபத்தான்:
வருகிறேன். ஏணியில் நான்தான் ஏறுவேன். என்ன தெரிய வேண்டும் என்று யாரும் சொல்லிக்கொடுக்கக் கூடாது.

வாடைக்காற்று:
ஏறு. வெறும் வயிற்றோடு வராதே. மடியில் ஓர் எலுமிச்சம்பழம் வைத்துக்கொள்.