கால்டெரா: பெருவாயா, கொப்பரையா, அமிழ்குழியா?

அனைவருக்கும் வணக்கம். எரிமலையின் உச்சி உள்ளே அமிழ்ந்து உண்டாகும் பெரும் பள்ளத்தை ஆங்கிலத்தில் கால்டெரா (caldera) என்கிறார்கள். அதற்குத் தமிழில் என்ன சொல் வைக்கலாம் என்ற பேச்சில் ஒரு நண்பர் கேட்டது இது:

> கிரேட்டரை எரிமலைவாய் என்கிறோம். கால்டெரா அதைவிடப் பெரியது. 'பெருவாய்' என்றால் போதாதா?

போதாது ஐயா. அளவை வைத்துப் பெயரிட்டால் அமெரிக்காவின் செயின்ட் எலென்ஸ் எரிமலையிலேயே மாட்டிக்கொள்வோம். 1980 மே 18 அன்று அதன் வடக்குப் பக்கம் சரிந்து, பக்கவாட்டில் வெடித்தது. உச்சி 400 மீட்டர் குறைந்தது. இன்று அங்கே இருப்பது சுமார் 2 கிலோமீட்டர் அகலத்தில் லாடம் போன்ற பள்ளம். பெரியதுதான், ஆனால் அது கிரேட்டர்.

கால்டெராவின் கதை வேறு. அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் உள்ள மசாமா எரிமலை சுமார் 7,700 ஆண்டுகளுக்கு முன் ஏறத்தாழ 50 கன கிலோமீட்டர் பாறைக்குழம்பைக் கக்கியது. அடியில் அந்தக் குழம்பு தேங்கியிருந்த அறை காலியாக, தாங்க ஒன்றுமில்லாமல் உச்சி உள்ளே போய்விட்டது. உப்பிய பூரியில் ஆவி போனதும் மேல்தோல் அமுங்குமே, கிட்டத்தட்ட அப்படி. பெரிதாக வெடிக்கக்கூட வேண்டியதில்லை. 2018இல் ஹவாயின் கிலவேயா எரிமலையில் குழம்பு நிலத்தடியிலேயே கிழக்கே ஓடிவிட, உச்சியில் தரை வாரக்கணக்கில் படிப்படியாக இறங்கியது.

ஆக, கக்குகிற 'வாய்' இதற்குச் சரிவராது. கொப்பரை என்று இன்னொரு நண்பர் சொன்னது எனக்கும் முதலில் பிடித்தது. ஸ்பானிய மூலச்சொல்லுக்கும் அதுதான் பொருள். கடையில் கொப்பரை கேட்டால் தேங்காய்தான் வரும் என்பதைக்கூட விட்டுவிடலாம். வடிவத்தைச் சொல்கிறது, விழுந்ததைச் சொல்லவில்லையே!

என் பரிந்துரை அமிழ்குழி. எரிமலை, ஊறுகாய் போல வினைத்தொகை. அமிழ்ந்த மசாமாவுக்கும் இனி அமிழக்கூடிய கிலவேயாவுக்கும் ஒரே சொல் போதும். நீரில் மூழ்குவதுதானே அமிழ்தல் என்பீர்கள். சேற்றில் வண்டிச் சக்கரமும் அமிழ்கிறதே.

வாக்கியத்தில் வைத்துப் பார்த்தேன்: "மசாமா அமிழ்குழியில் தேங்கியது 594 மீட்டர் ஆழமுள்ள கிரேட்டர் ஏரி, அதற்குள் விசார்டு தீவு, தீவின் உச்சியில் ஓர் எரிமலைவாய்." குழப்பமில்லை. ஏரிக்குத்தான் பெயர் தப்பாக அமைந்துவிட்டது. அதை 'எரிமலைவாய் ஏரி' ஆக்கினால் தப்பையும் சேர்த்து மொழிபெயர்த்ததாகிவிடும், அப்படியே விடுவோம்.

அப்புறம், அமிழ்ந்த தரை சில இடங்களில் மறுபடி மேடாக உப்புகிறது. அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் கால்டெராவில் அப்படி இரண்டு உண்டு. ஆங்கிலத்தில் இதை resurgent dome என்கிறார்கள். 'மீளெழு குவிமாடம்' என்று எழுதிப் பார்த்தேன், ஏதோ கட்டடம் போல இருக்கிறது. 'உப்புமேடு' என்றால் உப்பளம் நினைவுக்கு வருகிறது. யாரிடமாவது நல்ல சொல் இருக்கிறதா?