பீட்டர் தாமஸ் இசைத்தட்டு யாரிடமாவது இருக்கிறதா?

வணக்கம் நண்பர்களே. ஜெர்மன் இசையமைப்பாளர் பீட்டர் தாமஸ் (1925–2020) பற்றிக் கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். 1966இல் வந்த 'ரௌம்பட்ருல்யே' விண்வெளித் தொடரின் தொடக்க இசையை ஒருமுறை கேளுங்கள். இயந்திரக் குரல் ஒன்று ஜெர்மனில் எண்களை இறங்குவரிசையில் சொல்லும், பிறகு டிரம்பெட்டுகள் பாய்ந்து வரும். ஏழே எபிசோடுதான், இசை மட்டும் இன்னும் பழசாகவில்லை! ஆங்கில எழுத்தாளர் எட்கர் வாலஸின் கதைகளை வைத்து எடுத்த துப்பறியும் படங்களில் அலறலையும் துப்பாக்கிச் சத்தத்தையும்கூட இசைக்குள் கொண்டுவந்தவர். இப்படிப்பட்டவரை நம் பக்கம் அதிகம் பேருக்குத் தெரியாதது எனக்குப் பெரிய ஆதங்கம்.

1977இல் தொடங்கிய 'டெர் ஆல்டே' என்ற ஜெர்மன் போலீஸ் டிவி தொடருக்கும் இவர்தான் டைட்டில் இசை. அதற்குப் பிந்தைய டிவி வேலைகளின் விவரம்தான் வேண்டும். பழைய இசைத்தட்டு வைத்திருப்பவர்கள் பின்னட்டையைப் படமெடுத்து அனுப்ப முடியுமா? ஜெர்மனியில் இருக்கும் நம்மவர்கள் அவருடைய பேட்டிகளைத் தமிழாக்க உதவினால் ரொம்ப நன்றியுடன் இருப்பேன்.