20% இலாபக் கணக்கு: 1440 ஏன் பிழை?

ஹட்டன் அம்மா:
மகள் தரம் 9. வீட்டுவேலையில் ஒரு கணக்கு: "ஒரு வியாபாரி குடையொன்றை 20% இலாபத்தில் 1800 ரூபாவுக்கு விற்றார். வாங்கிய விலை என்ன?" அவள் 1800இல் 20%, அதாவது 360ஐக் கழித்து 1440 என்று எழுதியிருக்கிறாள். விடை 1500 என்று கொடுத்திருக்கிறார்கள். டியூஷன் சேர் "120ஆல் வகு" என்றாராம், ஏன் 120 என்று சொல்லவில்லையாம். அச்சுப்பிழையா? யாராவது விளங்கும்படி சொல்லுங்கள்.

தோட்டத்து டீச்சர்:
அச்சுப்பிழை இல்லை தங்கச்சி. 1440க்கு வாங்கியதாகவே வைத்து, மகளை 20% கூட்டச் சொல்லுங்கள். 288 வரும், மொத்தம் 1728. கணக்கில் 1800 அல்லவா இருக்கிறது? பிழை என்று நாம் சொல்லவே தேவையில்லை, அவளே பிடித்துவிடுவாள்.

இலாபம் வியாபாரி போட்ட முதலுக்குத்தான். அந்த முதல்தான் 100. இலாபம் 20 சேர்ந்து 120. 1800 ரூபா நிற்பது இந்த 120க்கு நேரே. அப்போ 1க்கு 15 ரூபா, 100க்கு 1500.

என் வகுப்பில் 'எது 100?' என்று கொப்பியில் எழுதாமல் பேனை நகரக் கூடாது. "120ஆல் வகு" என்று மனப்பாடம் பண்ணுகிற பிள்ளை, நட்டக் கணக்கு வந்தாலும் 120ஆல்தான் வகுக்கும். 20% நட்டம் என்றால் விற்ற விலை 80க்கு நேரே வர வேண்டும்.

வீட்டில் யாருடையதாவது சம்பளத் துண்டு இருந்தால் எடுங்கள். நாட்சம்பளம் 1350 என்று வைத்துக்கொள்வோம். ஈபிஎப் (ஊழியர் சேமலாப நிதி) 8%, 108 ரூபா போக 1242. இப்போ 1242ஐ மட்டும் காட்டி, முழுச் சம்பளம் எவ்வளவு என்று கேளுங்கள். அதற்கு 8% கூட்டினால் 1341 ரூபா 36 சதம்தான் வரும். மிச்ச 8 ரூபா 64 சதம் எங்கே போனது? 1242 நிற்பது 92க்கு நேரே, அதுதான் விஷயம். (தொழில் கொடுப்பவர் போடும் 12% நம் சம்பளத்தில் கழிபடுவதில்லை. அதையும் சேர்த்து 20% கழித்துக்கொண்டு வருகிற பிள்ளைகளும் உண்டு!)

பெக்டரி தம்பி:
டீச்சர், எங்கள் பக்கத்துக் கணக்கு ஒன்று. 100 கிலோ பச்சைத் தேயிலைக் கொழுந்தில் 80% தண்ணீர் என்று வைப்போம். வாட்டி அதை 60% ஆக்கினால் எத்தனை கிலோ மிஞ்சும்? புதிதாக வேலைக்கு வரும் பையன்கள் 80 என்பார்கள். இல்லை, 50! தண்ணீர் போனாலும் காய்ந்த பகுதி 20 கிலோ அப்படியே இருக்கிறது. முன்பு 20%ஆக இருந்த அதே 20 கிலோ இப்போது 40%. கடைசியில் தண்ணீர் 3% ஆகும்போது 20.6 கிலோதான் இருக்கும். ஒரு கிலோ தேயிலைக்குக் கிட்டத்தட்ட ஐந்து கிலோ கொழுந்து ஏன் போகிறது என்று கேட்கிறவர்களுக்கு இதைத்தான் போட்டுக் காட்டுவேன்.

ஹட்டன் அம்மா:
நன்றி டீச்சர், தம்பி. 18% வற் (பெறுமதி சேர் வரி) சேர்த்து 1180 ரூபா என்றால் வற் எவ்வளவு என்று மகளிடம் கேட்டேன். 'பொருளின் விலை 100' என்று எழுதி, 118ஆல் வகுத்து, 180 என்றாள். இப்போது அவள் கேட்கிறாள்: விலையை 10% கூட்டி, பிறகு 10% குறைத்தால் பழைய விலைக்கு வந்துவிடுமா?

தோட்டத்து டீச்சர்:
வராது. 1000 ரூபா 1100 ஆகும், பிறகு 990. இரண்டாவது 10% எதிலிருந்து எடுத்தது என்று அவளையே எழுதச் சொல்லுங்கள்.