‘ஹெட்ரூம்’: வீச்சிருப்பு என்ற சொல்லுக்கான முன்மொழிவு

வணக்கம். பழைய அனலாக் ஒலிக்கலவை மேசைகளின் பராமரிப்புக் கையேட்டில் ‘ஹெட்ரூம்’ (ஒலி சிதையத் தொடங்கும் வரம்புக்குக் கீழே மீந்திருக்கும் மட்ட இடைவெளி) என்பதற்குத் ‘தலையிடம்’, ‘மீவீச்சு’ ஆகிய இரு சொற்கள் முன்வைக்கப்பட்டுள்ளன. இரண்டையும் ஏற்க எனக்குத் தயக்கம் உண்டு. முன்னதைப் பினாங்கின் ஜார்ஜ் டவுனில் மேசை முன் அமரும் ஒலிப்பதிவாளரிடம் சொன்னால், கூரையில் தலை இடிக்கிறது என்கிறோம் என்றுதான் நினைப்பார். பின்னது வரம்பு மீறிய வீச்சைக் குறிப்பதுபோல் ஒலிக்கிறது. நாம் குறிக்க வேண்டியதோ, மீறுவதற்கு முன் மீந்திருக்கும் அளவை.

வழக்கமான இயங்கு மட்டம் +4 டிபியூ (மின்னழுத்த மட்டத்தை டெசிபெல்லில் சொல்லும் அலகு), அதாவது சுமார் 1.23 வோல்ட். ±16 வோல்ட் மின்வழங்கலில் இயங்கும் ஆப்-ஆம்ப் (பெருக்கிச் சில்லு) ஏறத்தாழ +22 டிபியூ வரை அலையைச் சிதைக்காமல் தரும். அதைத் தாண்டினால் முகடுகள் தட்டையாகக் கத்தரிக்கப்படும். இடையிலுள்ள 18 டெசிபெல்லே ஹெட்ரூம். தைப்பூசப் பாடலுக்கு உறுமி மேளத்தைப் பதிவு செய்யும்போது இதன் அருமை தெரியும்: சராசரி மட்டத்தைக் காட்டும் வியூ மீட்டரின் முள் தன் நிலையை எட்டவே 300 மில்லிவினாடி எடுத்துக்கொள்வதால், அது சுழியத்தில் அமைதியாக ஆடிக்கொண்டிருக்கையிலேயே, குச்சி தோலில் படும் கணத்து முகடு அதைவிடப் பத்து டெசிபெல்லுக்கும் மேலே போய்வந்திருக்கும்.

ஆகவே ‘வீச்சிருப்பு’ என்று முன்மொழிகிறேன். கையிருப்பு என்றால் செலவழித்ததை எவரும் எண்ணுவதில்லை, மீதமுள்ளதையே எண்ணுகிறோம். ‘குறைகிறது’, ‘தீர்ந்தது’, ‘போதவில்லை’ என்ற வினைகளும் இச்சொல்லோடு தாமாகவே வந்து சேர்கின்றன. பழுது பார்ப்பவருக்கு அவ்வினைகள்தாம் தேவை.

எடுத்துக்காட்டாக, ஒன்றோடொன்று தொடர்பற்ற 24 சேனல்கள் சம மட்டத்தில் கூட்டுத்தடத்தில், அதாவது அவற்றின் ஒலிகள் ஒன்றாகக் கலக்கும் ‘பஸ்’ஸில், சேர்ந்தால், மொத்தம் ஏறத்தாழ 14 டெசிபெல் உயரும். (‘பஸ்’ என்பதை ‘பேருந்து’ ஆக்கிவிட வேண்டாம் என்பது என் தனி வேண்டுகோள்.) 18 டெசிபெல் இருப்பில் அங்கே நான்குதான் மிஞ்சும். பல மேசைகளில் உட்சுற்றின் மட்டத்தைத் தாழ்த்தி வைத்திருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். கூட்டுப் பெருக்கியிலேயே அலை கத்தரிக்கப்பட்டுவிட்டால், அதற்குப் பின்னுள்ள மாஸ்டர் ஃபேடரை (முழுக் கலவையின் மட்டத்தை மாற்றும் நகர்த்தியை) இறக்குவதால் ஒலி குறையுமே தவிர, சிதைவு நீங்காது. சேனல் ஃபேடர்களைத்தான் இறக்க வேண்டும்.

மின்வழங்கலும் இக்கணக்கில் அடங்கும். அதிலுள்ள மின்பகு மின்தேக்கிகளின் ஆயுள், வெப்பநிலை ஒவ்வொரு 10 பாகை செல்சியஸ் உயரும்போதும் ஏறத்தாழப் பாதியாகும் என்பது பொதுவிதி. பினாங்கின் வெக்கையில் குளிர்சாதனத்தை இரவில் அணைத்துவிட்டு மேசையை மட்டும் ஓடவிடும் அறைகளில் அவை முன்கூட்டியே தளர்வதில் வியப்பில்லை. அத்தளர்ச்சியால் ±16 வோல்ட் ±12 ஆகச் சரிந்தால் வீச்சிருப்பில் ஏறத்தாழ 3 டெசிபெல் போய்விடும். ஆகவே ‘சத்தம் உடைகிறது’ என்ற புகார் வந்தால், சேனல் அட்டைகளைக் கழற்றுமுன் மின்வழங்கலை அளக்க வேண்டும் என்று கையேட்டில் அச்சொல்லின் கீழேயே எழுதலாம்.

‘இருக்கின்ற வீச்சு’ என்று பொருள் மயங்குமே என்ற மறுப்பு எழலாம். அப்பொருளைக் குறிக்க ‘மட்டம்’ என்ற சொல் ஏற்கெனவே வழக்கில் உள்ளது. இரைச்சல் தளத்திலிருந்து (கருவியின் சொந்த இரைச்சல் மட்டத்திலிருந்து) கத்தரிப்பு எல்லை வரையிலான முழு இடைவெளிக்கு மட்டும் வீச்சிருப்பைப் பயன்படுத்தக் கூடாது. அது வேறு கருத்து, அதற்குத் தனிச்சொல் வேண்டும். முதல் பதிப்பில் ‘வீச்சிருப்பு’ வரும் முதல் இடத்தில் ‘ஹெட்ரூம்’ என்பதையும் சேர்த்தே அச்சிடலாம்.