ஓ.பி. சீட்டில் ‘விவசாயம்’ என்று சொன்னேன்: காக்கியும் மனநல ஆலோசனையும், உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

தண்டவாளத்தான் (தொடக்கப் பதிவு)

பத்தொன்பது ஆண்டு சர்வீஸ். அதில் நாலரை ஆண்டு ரயில்வே காவல். இப்போது சட்டம் ஒழுங்கில் தலைமைக் காவலர். ஊர் வேண்டாம்.

ரயில்வேக்கு மாறுதல் வந்தபோது, “உனக்கென்ன, பந்தோபஸ்து இல்லாத இடம்” என்று பொறாமைப்பட்டார்கள். பந்தோபஸ்து குறைவுதான். அதற்குப் பதிலாக மெமோ வரும். இன்ன கிலோமீட்டர் கல்லருகே ஆண் உடல், வயது சுமார் இத்தனை. டார்ச், கையுறை, வெள்ளைத் துணி எடுத்துக்கொண்டு ஜல்லியில் நடக்க வேண்டும். துணைக்கு ஒரு பெரியவர் வருவார். உடலைத் தூக்குவது அவர் தொழில். மற்றவற்றைத் தேடிப் பொறுக்குவது என் தொழில். இருபதாவது உடல் வரை எண்ணினேன், பிறகு விட்டுவிட்டேன்.

என்னைக் கவிழ்த்தது கோரமான உடல் எதுவும் இல்லை. ஒருவருடைய சட்டைப் பையில் சீசன் டிக்கெட் இருந்தது. முந்தைய நாள்தான் ஒரு மாதத்துக்குப் புதுப்பித்திருந்தார். விபத்தா, வேறா என்று எழுத வேண்டியவன் நான். அந்த டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் நின்றேனோ தெரியாது. பெரியவர்தான் தோளைத் தொட்டு, “ஏட்டையா, எறும்பு வருகிறது” என்றார்.

அதன் பிறகு இரவு இரண்டே முக்காலுக்கு விழிப்பு வரும். எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் சரக்கு வண்டி போகும் நேரம் அது. வண்டி ரத்தான நாளிலும் விழிப்பு வந்தது. சாப்பிடும் முன் முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவுவேன். மனைவி எதுவும் கேட்கவில்லை, சோப்பு சீக்கிரம் தீர்கிறது என்று மட்டும் சொன்னாள்.

பக்கத்து மாவட்ட அரசு மருத்துவமனைக்கு, லுங்கியும் சட்டையுமாகப் பஸ்ஸில் போனேன். ஓ.பி. சீட்டில் தொழில் கேட்டார்கள். விவசாயம் என்றேன். மனநலப் பிரிவு மருத்துவர் என்னைவிட வயதில் சின்னவர். உள்ளே நுழைந்ததும் பழக்கதோஷத்தில் குதிகால் இரண்டையும் சேர்த்து விறைப்பாக நின்றுவிட்டேன். அவர் சீட்டைப் பார்த்தார், என் காலைப் பார்த்தார். “விவசாயி உட்காருங்கள். எந்த ஸ்டேஷன்?” என்றார்.

ஐந்து மாதம் போனேன். இப்போது சோப்பு மாதக் கடைசி வரை வருகிறது. அதைச் சொல்ல வெட்கமில்லை. ஆனால் ஏன் விவசாயம் என்றேன் என்பது இன்னும் உறுத்துகிறது. போனவர்கள், போகாதவர்கள், போக நினைத்துத் திரும்பியவர்கள் எல்லோரும் எழுதுங்கள்.

ரிட்டயர்டு எஸ்.ஐ.

1987 பேட்ச். எங்கள் காலத்தில் இதெல்லாம் கிடையாது என்று ஆரம்பித்தால் அடிக்க வருவீர்கள். ஆகவே வேறு மாதிரி ஆரம்பிக்கிறேன்.

எங்கள் ஸ்டேஷனில் உளவியலாளர் இருந்தார். ரைட்டர் ஏட்டு, அதாவது ஸ்டேஷன் எழுத்து வேலையும் டியூட்டிப் பங்கீடும் பார்ப்பவர். படிப்பு எஸ்.எஸ்.எல்.சி. ஒருவன் முகம் சரியில்லை என்றால் கேள்வியே கேட்க மாட்டார். அன்று டியூட்டி போடும்போது அவனை இரவு ரோந்திலிருந்து எடுத்துப் பகல் பாராவில், அதாவது ஸ்டேஷன் காவலில் போட்டுவிடுவார். தூக்குப் பிரேதத்துக்குப் போய்வந்த பையனை மறுநாள் கோர்ட் டியூட்டிக்கு அனுப்புவார். கோர்ட் வராந்தாவில் தூங்கலாம் அல்லவா? பேனா முனையில் வைத்தியம் பார்த்த மனிதர்.

அவருக்கும் தப்பியது ஒன்று உண்டு. என் பேட்ச்மேட். ஸ்டேஷனையே சிரிக்க வைப்பவன். வெள்ளிக்கிழமை இரவு எல்லோருக்கும் பரோட்டா வாங்கிக் கொடுத்தான், சனிக்கிழமை காலையில் அவன் இல்லை. ரைட்டர் ஏட்டு அந்த மாதம் முழுக்க டியூட்டி நோட்டைப் புரட்டிப் புரட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆகவே, அன்பான ஏட்டு ஒருவர் இருந்தால் போதும், படித்தவர்கள் எதற்கு என்று நான் சொல்ல மாட்டேன்.

ஆனால் ஒன்று. காமன் காஸ் என்ற தன்னார்வ அமைப்பும் லோக்நீதி என்ற ஆய்வு அமைப்பும் சேர்ந்து 2019-இல் வெளியிட்ட அறிக்கையில், இந்தியக் காவலர் சராசரியாக நாளொன்றுக்கு 14 மணி நேரம் வேலை பார்க்கிறார் என்று இருக்கிறது. பதினான்கு மணி நேரம் வெயிலில் நிறுத்திவிட்டு, பதினைந்தாவது மணியில் கண்ணை மூடி மூச்சை இழுத்து விடு என்றால் அவன் நின்றபடியே தூங்கிவிடுவான். 2021-இல் காவலர்களுக்கு வார விடுமுறை ஆணை வந்தது. நல்ல ஆணை. திருவிழா வந்தால் பறந்துவிடும் என்பதை என் மருமகனைக் கேட்டால் சொல்வான். அவனும் காக்கிதான், பாவம்.

மகளிர் நிலையம்

ரிட்டயர்டு ஐயா சொல்லும் மூச்சுப் பயிற்சியை நானும் கிண்டல் செய்தவள்தான்.

பெங்களூரு நிம்ஹான்ஸ் என்ற தேசிய மனநல மருத்துவ நிறுவனத்தோடு சேர்ந்து தமிழ்நாடு காவல்துறை 2018-இல் தொடங்கிய நிறைவாழ்வுப் பயிற்சிக்கு என் பெயர் வந்தபோது எனக்கு ஒரே மகிழ்ச்சி. மூன்று நாள் மைக் சத்தம் காதில் விழாது என்பதுதான் காரணம். வெளியாட்களுக்குச் சொல்கிறேன்: மைக் என்றால் வயர்லெஸ். அதில் ஒருவரைத் திட்டினால் உட்கோட்டம் முழுவதும் கேட்கும். என் கைக்குழந்தைக்குக் காய்ச்சல் என்று இருபது நிமிடம் தாமதமாகப் பாயிண்டுக்கு, அதாவது காவலுக்கு நிற்க வேண்டிய இடத்துக்குப் போன நாளில் எனக்கு அது நடந்தது. டீக்கடை பெஞ்சில் இருந்தவர்கள்கூடத் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

வகுப்பில் ஒரு வட்டம் வரைந்து இருபத்து நான்கு மணி நேரமாகப் பிரிக்கச் சொன்னார்கள். டியூட்டி, பயணம், சமையல், பிள்ளைகள், தூக்கம். என் வட்டத்தில் தூக்கம் மூன்று துண்டாக, நறுக்கிய வாழைக்காய் போல அங்கங்கே கிடந்தது. அந்தத் தாளை மடித்துக் கைப்பையில் போட்டேன். பிறகொரு நாள் குடும்பத்தினருக்கான வகுப்புக்குக் கணவரும் வந்தார். மனைவியின் நாளை நீங்கள் வரையுங்கள் என்றார்கள். என் தூக்கத்துக்கு அவர் ஒன்பது மணி நேரம் கொடுத்திருந்தார்! கேட்டால், “நீ வீட்டில் இருக்கும்போதெல்லாம் கண்ணை மூடித்தானே படுத்திருக்கிறாய்” என்கிறார். நான் தூங்கவில்லை, யாரும் என்னிடம் எதுவும் கேட்கக் கூடாது என்றுதான் கண்ணை மூடியிருந்தேன் என்பது அன்றுதான் அவருக்குத் தெரிந்தது. உண்மையைச் சொன்னால், எனக்கும் அன்றுதான் தெரிந்தது.

இரண்டு தாளும் பீரோவில் இருக்கின்றன. இப்போது இரவு டியூட்டி முடிந்து வந்தால் பத்து மணி வரை கதவைத் தட்டுவதில்லை. மாமியார் உட்பட.

இன்னொன்று. 2021-இல், முதல்வர் போகும் வழியில் சாலையோரப் பாதுகாப்புக்குப் பெண் காவலர்களை நிறுத்த வேண்டாம் என்று உத்தரவு வந்தது. கழிப்பறை இல்லாத இடத்தில் தண்ணீர் குடிக்காமல் ஆறு மணி நேரம் நின்றவளுக்கு அந்த ஒரு வரி எத்தனை அமர்வு ஆலோசனைக்குச் சமம் என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

பாரா நம்பர் 3

வாழைக்காய் உவமையில் நின்றுவிட்டேன், அக்கா. என்னுடையது பொடிமாஸ்.

அறை எண் 12

நான் மேசைக்கு அந்தப் பக்கம் உட்காருபவள். மருத்துவ உளவியலாளர். பதினோரு ஆண்டுகளாகக் காவலர்களைப் பார்க்கிறேன். முதலில் என் தவறு.

புதிதில், ஒரு பெரிய சாலை விபத்து. உடல்களை எடுத்த காவலர்கள் பதினான்கு பேரை மறுநாளே ஒரு மண்டபத்தில் உட்கார வைத்து, ஒவ்வொருவராக என்ன பார்த்தீர்கள், என்ன உணர்ந்தீர்கள் என்று சொல்லச் சொன்னேன். மனதில் இருப்பதைக் கொட்டிவிட்டால் பாரம் இறங்கும் என்று நம்பினேன். ஒன்பதாவது ஆள் பேசும்போது, வேறு திசையில் நின்றிருந்ததால் எதையும் பார்க்காத ஓர் இளைஞர் வாந்தி எடுத்தார். மற்றவர்கள் பார்த்ததையெல்லாம் அவர் தலைக்குள் நான் ஏற்றிவிட்டிருந்தேன். பிறகுதான் ஒழுங்காகப் படித்தேன். இப்படி ஒரே அமர்வில் எல்லாவற்றையும் சொல்ல வைப்பது அதிர்ச்சிக்குப் பிந்தைய மன உளைச்சலைத் தடுப்பதில்லை, சிலருக்குக் கெடுதலும் செய்யலாம் என்று 2002-லேயே காக்ரேன் மதிப்பாய்வு, அதாவது பல மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து எடைபோடும் அறிக்கை, சொல்லிவிட்டது. உலக சுகாதார நிறுவனம் 2011-இல் வெளியிட்ட உளவியல் முதலுதவிக் கையேடும் யாரையும் பேசச் சொல்லி வற்புறுத்தாதே என்கிறது. சாப்பிட்டாரா, தூங்க இடம் இருக்கிறதா, வீட்டுக்குத் தகவல் போனதா என்று பார். அவராகப் பேசினால் கேள். அந்த ரைட்டர் ஏட்டு எந்தக் கையேடும் படிக்காமல் செய்தது ஏறக்குறைய இதுதான். எனக்குப் பொறாமையாக இருக்கிறது.

இனி விவசாயி விஷயம். என்னிடம் வரும் காவலர் கேட்கும் முதல் கேள்வி தூக்கத்தைப் பற்றியோ கோபத்தைப் பற்றியோ இருப்பதில்லை. “மேடம், இது எங்கே எழுதப்படும்?” என்பதுதான். ஆரம்பத்தில் எனக்குக் கொடுத்த அறை அலுவலகத்தின் முன் வராந்தாவில், வருகைப் பதிவேடு வைத்திருக்கும் மேசைக்கு எதிரே இருந்தது. மூன்று மாதத்தில் நான்கு பேர் வந்தார்கள். அதில் இருவர் வழி கேட்க வந்தவர்கள். மருத்துவப் பரிசோதனை அறைகள் இருந்த பின்கட்டுக்கு மாற்றச் சொல்லிக் கெஞ்சினேன். ரத்த அழுத்தம் பார்க்க வந்தானா, என்னைப் பார்க்க வந்தானா என்று யாருக்கும் தெரியாது. அதன் பிறகு பெஞ்சில் இடம் போதவில்லை.

ஒருமுறை ஒரு மேலதிகாரி தொலைபேசியில் கூப்பிட்டு, “அவன் என்னைப் பற்றி என்ன சொன்னான்?” என்று கேட்டார். மனநலப் பராமரிப்புச் சட்டம் 2017, பிரிவு 23 என்றேன். சிகிச்சை பெறுபவரின் தகவல் ரகசியம் என்பது அவருடைய உரிமை. அவர் சட்டம் படித்தவர், வைத்துவிட்டார். விதிவிலக்கும் உண்டு: அவர் உயிருக்கோ பிறர் உயிருக்கோ ஆபத்து என்றால் நான் வாயைத் திறப்பேன். அதையும் முதல் நாளே சொல்லிவிடுவேன். எல்லாம் ரகசியம் என்று பொய் வாக்குக் கொடுத்தால், விசாரணை செய்தே பழகியவர் ஐந்து நிமிடத்தில் கண்டுபிடித்துவிடுவார்.

எஸ்.எஸ்.ஐ. மகள்

காவலர் குடியிருப்பில் வளர்ந்தவள். அப்பா சிறப்பு எஸ்.ஐ.யாக ஓய்வு பெற்றவர். அவர் பைக் திரும்பும் சத்தத்திலேயே அன்றைய இரவு எப்படி என்று எனக்கும் தம்பிக்கும் தெரிந்துவிடும்.

ஒவ்வொரு கார்த்திகையிலும் மாலை போடுவார், குடி நிற்கும். முதல் மூன்று நாள் கை நடுங்கும், வியர்க்கும், ஏதேதோ உளறுவார். சாமி சோதிக்கிறது என்பார் பாட்டி. பல ஆண்டுகள் கழித்துக் குடிநோய்ச் சிகிச்சைப் பிரிவில் மருத்துவர் சொன்னார்: நெடுநாள் குடித்தவர் திடீரென்று நிறுத்தினால் வருவது அது, வலிப்பு வந்து உயிருக்கே ஆபத்தாகும், மருந்தின் துணையோடுதான் நிறுத்த வேண்டும் என்று. சாமிதான் காப்பாற்றியிருக்கிறார், பாட்டி சொன்ன அர்த்தத்தில் இல்லை.

அங்கே இருந்த ஆலோசகர் குடியைப் பற்றிக் கேட்கவே இல்லை. “குடிக்காமல் கடைசியாக எப்போது நன்றாகத் தூங்கினீர்கள்?” என்று கேட்டார். அப்பா யோசித்து, “பயிற்சிப் பள்ளியில்” என்றார். முப்பது ஆண்டுக்கு முந்தைய தூக்கம்.

ஆயுதப்படை இளையவன்

அறை எண் 12 அவர்களுக்கு. மாத்திரை சாப்பிட்டால் ஆயுத டியூட்டியிலிருந்து எடுத்துவிடுவார்களா? பதவி உயர்வு போய்விடுமா? நண்பனுக்காகக் கேட்கிறேன்.

அறை எண் 12

நண்பருக்குச் சொல்லுங்கள். சில மாத்திரைகள் தூக்கக் கலக்கம் தரும், அந்த நாட்களில் துப்பாக்கியோ வண்டியோ வேண்டாம் என்று நானே சொல்வேன். கால் முறிந்தவரைப் பரேடில் நிறுத்தாதது போல, சில வாரங்களுக்கு. பதவி உயர்வு பற்றி உங்கள் துறைக்காக நான் உறுதி கொடுக்க முடியாது. ஆனால் சிகிச்சையில்லாமல் டியூட்டிக்கு வராமல் போய், குற்றக் குறிப்பாணை வாங்கியவர்களைத்தான் நான் அதிகம் பார்த்திருக்கிறேன். நேரில் வரத் தயக்கம் என்றால் 14416, டெலி மானஸ் என்ற அரசு மனநலத் தொலைபேசிச் சேவை, 2022 முதல் இருக்கிறது. கட்டணம் கிடையாது. தமிழில் பேசலாம். நண்பர் இன்று இரவே கூப்பிடலாம்.

ரிட்டயர்டு எஸ்.ஐ.

தம்பி, நண்பனைக் கூட்டிக்கொண்டு நீயும் போ.

தண்டவாளத்தான்

எல்லோருடையதையும் படித்தேன். 2023 ஜூலையில் கோவை சரக டி.ஐ.ஜி. உயிரை மாய்த்துக்கொண்ட செய்தி வந்த காலையில் எங்கள் ஸ்டேஷனில் ரோல்கால் முடிந்தும் யாரும் கலையவில்லை. அவர் சிகிச்சையில் இருந்தவர் என்று மேலதிகாரிகளே சொன்னார்கள். “பார்த்தாயா, டாக்டரிடம் போயும் பயனில்லை” என்றார் ஒருவர். மாரடைப்பு வந்து மருத்துவமனையில் ஒருவர் இறந்தால் நெஞ்சுவலிக்கு மருத்துவமனை போகாதே என்போமா என்று கேட்டேன். கேட்டது நான்தானா என்று எனக்கே ஆச்சரியம். எப்படித் தெரியும் உனக்கு என்று இன்ஸ்பெக்டர் பார்த்த பார்வைக்குப் பதில் சொல்லவில்லை.

போன வாரம் மறுபரிசோதனைக்குப் போனேன். அதே கவுண்ட்டர். தொழில்?

காவல்துறை என்றேன், கொஞ்சம் சத்தமாகவே.

எழுதிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார். பின்னால் வரிசையில் நின்றவர்களையும் பார்த்தார். ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டி, குரலைத் தாழ்த்தி, “சார், போன மாதம் ஹெல்மெட் இல்லை என்று ஆயிரம் ரூபாய் போட்டுவிட்டார்கள். ஏதாவது செய்ய முடியுமா?” என்றார்.