வாசனை இலைச் சீஸ்: குடும்பக் குழுவில் மூன்று நாள் பேச்சு

சனிக்கிழமை

செல்வி (காலை 9:10): அனைவருக்கும் வணக்கம். ரொட்டியில் தடவிச் சாப்பிடும் மூலிகைச் சீஸை நேற்று முதன்முறையாக வீட்டில் செய்து பார்த்தேன். ஒரு லிட்டர் பாலைப் பொங்கக் காய்ச்சி, எலுமிச்சைச் சாறு விட்டுத் திரித்து, துணியில் பிழிந்து, பார்ஸ்லியையும் புதினாவையும் கழுவி நறுக்கிக் கலந்தேன். இரவு பார்த்தபோது நன்றாகத்தான் இருந்தது. காலையில் திறந்தால் கிண்ணத்தின் அடியில் பச்சை நிறத் தண்ணீர் ஒரு விரற்கடை அளவுக்கு நிற்கிறது; மேலே இருப்பதோ நாக்கில் மணலைப் போல நெருடுகிறது. எங்கே தவறினேன் என்று அத்தைதான் சொல்ல வேண்டும்.

கதிர் அண்ணா (9:14): நேற்று இரவே ஒரு வாய் தின்றவன் என்ற முறையில் சொல்கிறேன், சுவையில் குற்றமில்லை, ஆனால் ரொட்டியில் தடவத் தடவ அது உதிர்ந்து மடியில் விழுந்தது.

தாத்தா (9:20): முழு வாக்கியமாக எழுத வேண்டும் என்ற இந்தக் குழுவின் விதியை இருவரும் காப்பாற்றியதில் மகிழ்ச்சி. ஆனால் மூலிகை என்றால் எனக்குக் கஷாயம்தான் நினைவுக்கு வருகிறது. வாசனை இலை என்று சொன்னால் என்ன? பாலாடைக்கட்டி என்ற சொல்லிலும் எனக்கு நெடுநாள் வழக்கு உண்டு. பாலாடை என்பது காய்ச்சிய பாலின் மேல் படியும் ஏடு. இதுவோ பால் திரிந்து வருவது.

கமலா அத்தை (9:41): அப்பா சொன்னபடி வாசனை இலைச் சீஸ் என்றே வைத்துக்கொள்வோம். செல்வி, உன் கிண்ணத்தில் இரண்டு தவறுகள் இருக்கின்றன. இரண்டுக்கும் தண்ணீர்தான் காரணம். ஓரிடத்தில் நீ அதை அளவுக்கு மேல் பிழிந்துவிட்டாய், இன்னோர் இடத்தில் நீயே கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டாய். பாலில் உள்ள புரதத்தில் ஏறத்தாழ 80 விழுக்காடு கேசின். அது கண்ணுக்குத் தெரியாத உருண்டைகளாக, ஒன்றையொன்று விலக்கிக்கொண்டு மிதக்கிறது. புளிப்பு ஏற ஏறக் குறையும் பி.எச். என்ற அளவு 4.6-ஐ நெருங்கும்போது அந்த விலக்கம் தீர்ந்து ஒட்டிக்கொள்கிறது. தயிர் உறையும்போது இது பல மணி நேரம் நிதானமாக நடப்பதால், தண்ணீரைத் தன்னுள் தாங்கிய மெல்லிய வலை உருவாகிறது. கொதிக்கும் பாலில் எலுமிச்சையை ஊற்றினால், சூட்டின் துணையால் 4.6 வரை போக வேண்டிய அவசியம்கூட இல்லாமல், எல்லாம் நொடியில் முடிந்து இறுகிய துகள்களாகிவிடுகிறது. அதையும் நீ பிழிந்திருக்கிறாய். பனீருக்கும் இத்தாலியச் சீஸான ரிக்கோட்டாவுக்கும் அந்தத் துகள் வேண்டும், தடவுகிற சீஸுக்கு வேண்டாம்.

செல்வி (9:45): அப்படியானால் பச்சைத் தண்ணீர் எங்கிருந்து வந்தது, அத்தை? நான் நன்றாகத்தான் பிழிந்தேனே.

கமலா அத்தை (9:52): இலையிலிருந்து வந்தது. கழுவிய இலையை உதறிவிட்டு நறுக்கினால் போதாது. துணியில் பரப்பி, கையில் எடுத்தால் ஈரம் ஒட்டாத வரை உலர்த்த வேண்டும். அதன் பிறகும், உப்பு பட்டவுடன் நறுக்கிய வாயிலிருந்து இலை தன் சாற்றை விடும். புதினா அதிகமாகவே விடும். மழுங்கிய கத்தியால் திரும்பத் திரும்பக் கொத்தினால் இலை நசுங்கிப் பலகையே பச்சையாகிவிடும். பலகையில் படிந்த அந்தப் பச்சைதான் காலையில் உன் கிண்ணத்தின் அடியில் நின்றது.

வேணு மாமா (10:05): இடையில் ஒரு கதை சொல்லிக்கொள்கிறேன். பிரான்சில் நார்மண்டிப் பகுதியைச் சேர்ந்த ஃபிரான்சுவா பூர்சன் என்பவர் 1957-இல் தம் பெயரிலேயே ஒரு மென் சீஸை உருவாக்கினார். 1961-இல் ஒரு செய்தித்தாள், அவர் பூண்டுச் சீஸ் கொண்டுவரப் போகிறார் என்று தவறாக எழுதிவிட்டது. அவரிடம் அப்படி ஒன்று இல்லவே இல்லை. ஆனால் மக்கள் கேட்கத் தொடங்கிவிட்டதால், அவர் உட்கார்ந்து கலந்து பார்த்து, 1963-இல் பூண்டும் வாசனை இலைகளும் சேர்ந்த சீஸை உண்மையாகவே வெளியிட்டார். பிழையான செய்தியால் விளைந்த நன்மைகளில் இதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

தாத்தா (10:09): செய்தித்தாள்கள் இதைப் படித்துத் துணிவு பெற்றுவிடக் கூடாது.

செல்வி (10:15): இப்போது என்னிடம் இருப்பதைக் கொட்டிவிட வேண்டியதுதானா?

கமலா அத்தை (10:24): கொட்டாதே. அடியில் நிற்கும் தண்ணீரை வடித்துவிட்டு, இரண்டு மூன்று மேசைக்கரண்டி ஃபிரெஷ் கிரீம் சேர்த்து மிக்ஸியில் இரண்டு நிமிடம் விடாமல் ஓட்டு. துகள்கள் உடைந்து கிரீமின் கொழுப்போடு குழைந்துவிடும். முழு வழவழப்பு வராவிட்டாலும் உதிராமல் இருக்கும். ஆனால் இன்று மாலைக்குள் சாப்பிட்டு முடித்துவிடுங்கள். அடுத்த முறை தயிரிலிருந்து செய். ஒரு லிட்டர் கெட்டித் தயிரில் முக்கால் தேக்கரண்டி உப்பைக் கலந்து, மெல்லிய பருத்தித் துணியை நனைத்துப் பிழிந்து வடிகட்டியில் விரித்து, அதில் ஊற்றி முடிந்து, அடியில் பாத்திரம் வைத்துக் குளிர்பெட்டிக்குள் விட்டுவிடு. வெளியே தொங்கவிட்டால் சீக்கிரம் வடியும் என்பது உண்மைதான். கூடவே புளிப்பும் ஏறிக்கொண்டே போகும். 12 மணி நேரத்தில் தடவுகிற பதம் வரும், 24 மணி நேரத்தில் கத்தியால் வெட்டுகிற பதம் வரும். கையால் மட்டும் பிழியாதே. பிழிந்தால் துணியின் கண்கள் வழியாகச் சீஸே வெளியே வந்துவிடும்.

கதிர் அண்ணா (10:30): அதையும் மிக்ஸியில் அடித்துவிட்டால் இன்னும் வழவழப்பாக இருக்குமே?

கமலா அத்தை (10:33): இருக்காது, கதிர். சூட்டில் திரித்ததை மிக்ஸிதான் காப்பாற்றும். வடித்த தயிரை மிக்ஸிதான் கெடுக்கும். அந்த வலை அறுந்து, பிடித்துவைத்த தண்ணீரை விட்டுக் கூழாகிவிடும். அறை வெப்பத்தில் குழைந்த 50 கிராம் வெண்ணெயைச் சேர்த்துக் கரண்டியால் மடித்து மடித்துக் கலந்தாலே போதும். குளிர்ந்தவுடன் வெண்ணெய் இறுகித் தாங்கிக்கொள்ளும்.

செல்வி (10:40): பூண்டு எவ்வளவு போடலாம்? வாசனை பிடிக்கும் என்பதால் நான்கு பற்கள் போட நினைத்திருந்தேன்.

வேணு மாமா (10:43): நான்கு பற்கள் போட்ட கிண்ணத்தை ஒருமுறை இந்த வீட்டில் பார்த்தவன் நான். அன்று சுவைத்துப் பார்த்தபோது இனிமையாக இருந்தது. மறுநாள் அதைத் தின்றுவிட்டு யாரும் யாரோடும் பேசவில்லை.

கமலா அத்தை (10:50): அந்தக் கிண்ணத்தை அவர் ஒருவரே காலி செய்தார் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். பூண்டின் காரம் நசுக்கும்போதுதான் பிறக்கிறது. உள்ளே தனித்தனியாக இருக்கும் அல்லினும் அல்லினேஸ் நொதியும் சேர்ந்து அல்லிசின் ஆகின்றன. பிறகு அந்த மணம் இரவு முழுவதும் கொழுப்பில் இறங்கிப் பரவுகிறது. ஆகவே கலந்தவுடன் சுவைத்துப் பார்த்துவிட்டுப் போதவில்லை என்று கூட்டாதே. ஒரு சிறிய பல் போதும். அதுவும் மென்மையாக வேண்டுமென்றால் தோலோடு ஒரு நிமிடம் கொதிநீரில் போட்டெடுத்து நசுக்கு. இலைகளுக்கும் இதே கணக்குதான். உலர்ந்த தைம் போட்டால் முதல் ஒரு மணி நேரம் வைக்கோல் மணம்தான் வரும். ஈரத்தை வாங்கி ஊறிய பிறகே தன் குணத்தைக் காட்டும். பச்சை இலை மூன்று தேக்கரண்டி என்றால் உலர்ந்தது ஒன்று.

நிலா அக்கா (11:15): அம்மா, என் ஏழாம் மாதத்தில் இதை நான் சாப்பிடலாமா? மென் சீஸ் கூடாது என்று எங்கோ படித்தேன்.

கமலா அத்தை (11:22): பாஸ்டுரைஸ் செய்த பாலா என்பதே முதல் கேள்வி, நிலா. லிஸ்டீரியா என்ற கிருமி குளிர்பெட்டியின் குளிரிலும் வளரக்கூடியது. கருவுற்றவர்களுக்கு அதனால் பெரிய தீங்கு வரும். பச்சைப் பாலில் செய்ததைத் தொடவே வேண்டாம். 72 பாகையில் 15 நொடி சூடாக்கிய பாலில் உறைந்த தயிர், சுத்தமான பாத்திரம், அன்றே செய்தது என்றால் அச்சம் குறைவு. ஆனாலும் கழுவாத இலையிலும் அந்தக் கிருமி இருக்கலாம் என்பதால், உனக்கென்று எடுத்துவைக்கும் பங்கில் பச்சை இலைக்குப் பதில் வாட்டி எடுத்த இலையைச் சேர்க்கிறேன். எதற்கும் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்.

கதிர் அண்ணா (11:30): மேலே எண்ணெய் ஊற்றி மூடிவைத்தால் ஒரு மாதம் கெடாமல் இருக்கும் என்கிறார்களே?

கமலா அத்தை (11:38): பச்சைப் பூண்டு கலந்ததை எண்ணெயில் மூழ்கவைத்து வெளியே வைக்கவே கூடாது. மண்ணிலிருந்து பூண்டோடு வரும் போட்டுலினம் கிருமிக்குக் காற்றில்லாத இடம்தான் பிடிக்கும், எண்ணெய் அதைத்தான் அமைத்துத் தருகிறது. தயிரின் புளிப்பு அந்தக் கிருமியை ஓரளவு தடுக்கும், எலுமிச்சையால் சூட்டில் திரித்த சீஸில் அந்தப் புளிப்புக்கூட இருக்காது. எதுவானாலும் 4 பாகைக் குளிரில் வைத்து ஐந்து நாள்களுக்குள் முடித்துவிட வேண்டும். பூஞ்சை தெரிந்தால் மேலாகச் சுரண்டிவிட்டுச் சாப்பிடாதீர்கள். மென் சீஸில் அது கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே இறங்கியிருக்கும்.

செல்வி (மாலை 6:20): மிக்ஸியில் ஓட்டியது பிழைத்துவிட்டது. கத்தியில் எடுத்தால் உதிரவில்லை, மணலும் பாதியாகக் குறைந்தது. தயிரை இப்போதுதான் துணியில் முடிந்து வைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை

செல்வி (காலை 7:05): பாத்திரத்தில் அரை லிட்டருக்குச் சற்று அதிகமாகவே தண்ணீர் இறங்கியிருக்கிறது. இளம் மஞ்சளும் பச்சையும் கலந்த நிறம். இதில் இலையே சேரவில்லையே, கெட்டுவிட்டதா?

கமலா அத்தை (7:12): கெடவில்லை. அது ரைபோஃபிளேவின் என்கிற பி2 உயிர்ச்சத்தின் நிறம். ரொட்டி மாவைப் பிசையத் தண்ணீருக்குப் பதில் அதை ஊற்று. சீஸ் துணியிலிருந்து பிரிந்து வருகிறதா?

செல்வி (7:15): துணியை இழுத்ததும் தோல் உரிவதைப் போலச் சுத்தமாகப் பிரிந்தது. நெசவின் கோடுகள் மேலே அப்படியே பதிந்திருக்கின்றன. நிறுத்துப் பார்த்தேன், 430 கிராம் இருக்கிறது. வெண்ணெயும், ஒரு பல் பூண்டும், உலர்த்திய பார்ஸ்லியும், டில் என்ற வாசனை இலையும், கொரகொரப்பாகப் பொடித்த மிளகும் மடித்துக் கலந்தேன். கொஞ்சம் இஞ்சியும் துருவிப் போடலாமா?

கமலா அத்தை (7:17): போடாதே! பச்சை இஞ்சியில் உள்ள நொதி பால் புரதத்தை அறுத்துக்கொண்டே இருக்கும். இரண்டாம் நாள் கசக்கத் தொடங்கிவிடும். ஆசையாக இருந்தால் வேகவைத்த இஞ்சியைப் போடு. இப்போது மூடி உள்ளே வை, நாளைக் காலை வரை திறக்காதே.

கதிர் அண்ணா (இரவு 10:40): நான் திறந்து பார்க்கவில்லை என்பதை முன்கூட்டியே பதிவு செய்துகொள்கிறேன்.

திங்கட்கிழமை

செல்வி (காலை 7:30): அத்தை, அடியில் ஒரு சொட்டுத் தண்ணீர்கூட இல்லை. கத்தியை இழுத்த இடத்தில் தடம் அப்படியே நிற்கிறது. நேற்றுத் தெரியாத டில்லின் மணம் இன்று மூடியைத் திறந்தவுடனேயே வருகிறது. ஆனால் நடுவில் ஒரு பெரிய குழி இருக்கிறது, அது என் கத்தியால் ஆனதல்ல.

கமலா அத்தை (7:34): குழி இருக்கட்டும். ஈரக் கரண்டியை விட்டு எடுத்திருந்தால் ஐந்து நாள் தாங்காது, அதைக் கேள்.

கதிர் அண்ணா (7:36): கரண்டி நன்றாகக் காய்ந்திருந்தது, அத்தை. நான் இரண்டு முறை துடைத்தேன்.